ஓம் என்றால் யா

என்னை யாராவது அறிமுகம் செய்யும்போது "இவர் ஒரு பிரெஞ்சு நடிகை" என்று தொடங்குவார்கள். எனக்கு அந்த இடத்திலேயே விசர் வரும். பிரெஞ்சு என்பதில் பொய் இல்லை. பாரிஸுக்கு வெளியே, ரயில் பாதையை ஒட்டிய ஓர் அடுக்குமாடியில் வளர்ந்தவள் நான். கடவுச்சீட்டும் அந்த நாட்டுடையதுதான். நடிகை என்பதிலும் பொய் இல்லை. ஆனால் இரண்டையும் சேர்த்துச் சொன்னதும் கேட்கிறவர்களின் மனதில் ஒருத்தி வந்து நின்றுவிடுகிறாள். சிவந்த உதடு, கழுத்தில் பட்டுத் துண்டு, விரலிடுக்கில் சிகரெட். பிறகு கதவைத் திறந்துகொண்டு நான் வருகிறேன், யாழ்ப்பாணத்து அப்பாவின் மூக்கோடும் அம்மாவின் நிறத்தோடும். அப்போது அவர்களுடைய முகம் போகிற போக்கைப் பார்த்துப் பார்த்தே எனக்கு வயது நாற்பத்தைந்தைத் தாண்டிவிட்டது.

பாரிஸில் நாடகப் பள்ளியில் படித்த காலத்தில் நான் அரசியாக நடித்திருக்கிறேன், புருஷனுக்கு நஞ்சு வைத்தவளாக நடித்திருக்கிறேன், ஒருமுறை கிழவனாகக்கூட நடித்தேன். ஆசிரியர்கள் மெச்சினார்கள். படிப்பு முடிந்து வெளியே வந்ததும் கையில் ஒரு தட்டைக் கொடுத்துவிட்டார்கள். ஆஸ்பத்திரித் தட்டு, ஹோட்டல் தட்டு, பணக்கார வீட்டுத் தேநீர்த் தட்டு. பிரெஞ்சு சினிமாவில் நான் பேசிய மிக நீளமான வசனம் "டொக்டர் வந்துகொண்டிருக்கிறார், மடம்" என்பது. அதையும் வெட்டியெறிந்தார்கள். படத்தில் டொக்டர் யாரும் சொல்லாமலே வந்து சேர்ந்தார். அம்மா மட்டும் அந்தப் படத்தை இரண்டு தரம் பார்த்துவிட்டு, "தட்டை வடிவாய்ப் பிடிச்சிருக்கிறாய்" என்றார்.

பிறகு கல்யாணம். அவர் வுப்பர்டாலில் பஸ் திருத்துகிற இடத்தில் வேலை. நான் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஜெர்மனிக்கு வந்தேன். இங்கே புது இடம், புது மொழி, தட்டு இல்லாத ஒரு வாழ்க்கை தொடங்கும் என்று நம்பினேன். எவ்வளவு மொக்குத்தனம்!

டுசல்டோர்ஃபில் என் முதல் நடிகர் தேர்வு. வைன் விற்கிற ஒரு பிரெஞ்சுக்காரி வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். என் முகவர் என் பெயரைக் கொடுத்திருந்தார், படம் அனுப்ப மறந்துவிட்டார். நான் போய் உட்கார்ந்தேன். தேர்வு செய்கிறவர் என்னைப் பார்த்தார், கையிலிருந்த தாளைப் பார்த்தார், திரும்ப என்னைப் பார்த்தார்.

"மன்னிக்க வேண்டும். நாங்கள் ஒரு பிரெஞ்சுக்காரியைத் தேடுகிறோம்."

"நான்தான் அது."

"எனக்கு விளங்குகிறது," என்றார் அவர், உண்மையாகவே இரக்கப்பட்டு. "ஆனால் பார்க்கிறவர்களுக்கு விளங்காதே."

அதே படத்தில் இந்தியப் பொறியியலாளர் ஒருவரின் மனைவி வருவாளாம். அதைச் செய்ய முடியுமா என்று கேட்டார். செய்யலாம் என்றேன். இரண்டு வரி வாசித்தேன். என் ஜெர்மனில் பிரெஞ்சு வாடை அடிக்கிறது, இந்திய வாடை வேண்டும் என்றார். அது எப்படி இருக்கும் என்று கேட்டேன். அந்த மனிதர் கதிரையை விட்டு எழும்பி, தலையை இரண்டு பக்கமும் ஆட்டி ஆட்டி, எனக்கே செய்து காட்டினார். நான் செய்தேன். அந்த வேடம் எனக்குக் கிடைத்தது. வீட்டுக்கு வந்து சமையலறையில் சட்டிகளைப் போட்டுக் கிலுக்கியதில் கீழ்வீட்டுக் கிழவி தடியால் கூரையைத் தட்டினாள்.

எங்கள் ஆட்களும் சும்மா விட்டார்களா என்றால் அதுவும் இல்லை. ஹம் நகரில் ஒரு கல்யாண வீட்டுக்குப் போயிருந்தோம். மைக் வைத்திருந்தவர் என்னைக் கண்டதும், "பிரான்ஸ் நாட்டின் பிரபல நடிகை எமது மத்தியில் வீற்றிருக்கிறார்" என்று முழங்கிவிட்டார். உடனே நாலைந்து பேர் செல்ஃபிக்கு வந்தார்கள். "அக்கா, நீங்கள் எந்தச் சீரியலிலை வாறனீங்கள்?" என்று ஒருத்தி கேட்டாள். சீரியல் இல்லை என்றேன். "அப்ப ஆரோடை நடிச்சனீங்கள்?" என்று அடுத்தது. நான் விளங்கப்படுத்தத் தொடங்க, அவள் செல்ஃபியை எடுத்து முடித்துவிட்டுச் சாப்பாட்டுப் பக்கம் போய்விட்டாள்.

அந்த மண்டபத்தில்தான், நான் பிறகு அன்ரி என்று கூப்பிடத் தொடங்கிய அம்மாவை முதன்முதலாகக் கண்டேன். எழுபது வயதிருக்கும். மைக் வைத்திருந்தவருக்கு முன்னால் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார். "தம்பி, அந்தச் சாமானைக் கொஞ்சம் நிப்பாட்டும். தாலி கட்டின மேளம்கூட உம்மடை சத்தத்திலை ஒருத்தருக்கும் கேக்கேல்லை." மைக் நின்றது. அந்தக் குரலுக்கு முழு மண்டபமும் திரும்பியது. மெல்லிய, உடைந்த குரல்தான், ஆனால் சுவர் வரைக்கும் போனது. இப்படி ஒரு குரலுக்காக நாடகப் பள்ளியில் எத்தனை காலம் வயிற்றை எக்கி எக்கிப் பயிற்சி செய்தோம் என்று நினைத்து எனக்கு எரிச்சலாக இருந்தது.

அந்தக் காலத்தில் நான் எழுதத் தொடங்கியிருந்தேன். மற்றவர்கள் எழுதுவதில் எனக்கு இடம் இல்லையென்றால் நானே எழுதுகிறேன், நானே இயக்குகிறேன், நானே நடிக்கிறேன் என்று ஒரு வீம்பு. பெரிய ஆசை ஒன்றும் இல்லை. திரையில் ஒரு பெண் வர வேண்டும். அவள் ஒரு சொல் சொல்ல வேண்டும். அது அவள் சொன்னபடியே பார்க்கிறவர்களுக்குப் போய்ச் சேர வேண்டும். தலையை ஆட்டாமல், தட்டைத் தூக்காமல், ஒரே ஒரு தரம். இதற்காகத்தான் எல்லாம்.

கதை சின்னது. முதியோர் இல்லம் ஒன்றின் சலவைப் பகுதியில் வேலை செய்கிற பெண். புருஷன் வேறு நாட்டில் வேறு குடும்பத்தோடு இருக்கிறான். இவள் வருடக்கணக்காக மாமியாரோடு இருந்து அவரைப் பார்த்துக்கொள்கிறாள். ஒருநாள் தனக்கென்று ஒரு வீடு எடுத்துக்கொண்டு போய்விடுகிறாள், திரும்பி வரப் போவதில்லை. மாமியார் கெட்டவர் இல்லை, மருமகளும் கெட்டவள் இல்லை. அவ்வளவுதான் கதை.

இதைத் தொலைக்காட்சி நிலையத்துக்குக் கொண்டுபோனேன். அங்கே படங்களுக்குப் பொறுப்பான அம்மையார் ஒருவர். நல்ல மனுஷி, எப்போதும் இஞ்சித் தேநீர் தருவார், அதனால்தான் அவரோடு சண்டை பிடிப்பது கஷ்டம். "இவளை யாரும் அடிக்கவில்லையா?" என்று கேட்டார். இல்லை என்றேன். "கட்டாயக் கல்யாணம்?" இல்லை. "போரின் நினைவுகள்?" அதுவும் இல்லை. "அப்படியானால் ஏன் போகிறாள்?" போக விரும்புகிறாள், அதனால் போகிறாள் என்றேன். அவர் பேனையை மேசையில் வைத்துவிட்டு யோசித்தார். ஒரு ஜெர்மன் பெண் வீட்டை விட்டுப் போனால் அது அவளுடைய முடிவு. எங்களில் ஒருத்தி போவதென்றால் யாராவது அவளை அடித்தே இருக்க வேண்டும். இதை விளங்கப்படுத்தி முடிக்கும்வரை எத்தனை டெர்மீன் வாங்கி எத்தனை சந்திப்பு, எத்தனை கோப்பை இஞ்சித் தேநீர்! கடைசியில் சரி என்றார்கள். ஒரு மணித்தியாலம்கூட வராத சின்னப் படம். எனக்கு அது போதும்.

மாமியாராக நடிக்க அன்ரியைக் கேட்டேன். "எனக்கு நடிக்கத் தெரியாது பிள்ளை," என்றார். "நடிக்க வேண்டாம் அன்ரி, நீங்கள் கதையுங்கோ." "அது ஏலும்." கதைக்க முடியும் என்றதோடு பேச்சு முடிந்தது. வசனத்தை வாசித்துக் காட்டினால் "ஓம், ஓம்" என்று கேட்டுக்கொள்வார், கமரா ஓடத் தொடங்கியதும் தன் பாட்டில் வேறு ஏதாவது சொல்வார். நான் எழுதியதைவிட அது நன்றாக இருக்கும். கமராக்காரர் ஒரு ஜெர்மன் பெடியன். அன்ரி அவனைத் தமிழிலேயே ஏசுவார். "அப்பு, உந்த லைற்றைக் கொஞ்சம் அங்காலை திருப்பு, கண் கூசுது." அவனும் திருப்புவான். எப்படி விளங்கியது என்று அவனைக் கேட்டால் தோளைக் குலுக்குவான்.

கடைசிக் காட்சியை ஹம்மில் ஒரு பழைய வீட்டின் படிக்கட்டில் எடுத்தோம். மாமியார் மேல்படியில், கையில் துவாயோடு. நான் பெட்டியோடு கீழே இறங்கிக்கொண்டிருக்கிறேன். நான் எழுதியது, "எங்கை போறாய்?" என்று அவர் கேட்க வேண்டும், நான் ஒன்றும் பேசாமல் போக வேண்டும். அன்ரி அதைக் கேட்கவில்லை. துவாயை மடித்தார், திரும்ப விரித்தார். பிறகு கேட்டார்:

"அப்ப நீ இனி வரமாட்டியோ?"

எனக்கு அது எதிர்பாராத கேள்வி. நான் திரும்பி அவரைப் பார்த்தேன். வாயில் வந்தது ஒரே சொல்.

"ஓம்."

அவருடைய முகம் மெதுவாக, கன்னத்திலிருந்து கீழே இறங்கியது. அழுதார் என்று சொல்ல முடியாது. கண்ணில் நீர் நின்றது, வாய் மட்டும் சிரிப்பதுபோல ஒரு பக்கம் இழுபட்டது. கமராப் பெடியன் நிறுத்தவில்லை, நல்ல வேளை. எல்லாம் முடிந்த பிறகு அன்ரி படியில் இருந்துகொண்டு தண்ணீர் குடித்தார்.

"என்ரை மருமகளும் உப்பிடித்தான் பிள்ளை, படியிலை நிண்டுதான் போட்டு வாறன் எண்டவள். டோர்ட்முண்டிலைதான் இருக்கிறாள். ரயில் ஏறினால் வந்திடலாம். வரேல்லை."

நான் அவருக்குப் பக்கத்தில் படியில் இருந்தேன். "நீங்கள் அப்ப அவவை ஒண்டும் கேக்கேல்லையோ அன்ரி?"

"கேக்காமல் விட்டிட்டன். இண்டைக்குத்தான் கேட்டனான்."

அவர் துவாயால் வாயைத் துடைத்துக்கொண்டு, எப்போது சாப்பாடு வரும் என்று கேட்டார். நான் என் வாழ்க்கையில் எடுத்ததிலும் நடித்ததிலும் அதுதான் உண்மையான காட்சி. அதை யாரும் தொடக்கூடாது என்று அன்றைக்கே முடிவு கட்டினேன்.

தொட்டார்கள். முதல் வெட்டுப் பிரதியைப் பார்க்க என்னைக் கூப்பிட்டார்கள். ஜெர்மன் எழுத்துகள் கீழே ஓடின. அன்ரி வசனத்தை மாற்றி மாற்றிப் பேசியதால் நான் ஒவ்வொரு வரியாக வாயால் மொழிபெயர்த்துக் கொடுத்திருந்தேன், ஒருவர் அதைத் தட்டச்சு செய்திருந்தார். "ஓம்" வந்த இடங்களில் அவர் என்னைக் கேட்கவேயில்லை. தனக்குத் தெரிந்த சொல் என்று அவரே போட்டுவிட்டார்: Om.

"சாப்பிட்டியோ?" என்று மாமியார் கேட்கிறார். நான் "ஓம்" என்கிறேன். கீழே, Om. "திறப்பை எடுத்தியோ?" Om. "குப்பை கொண்டுபோய்ப் போட்டியோ?" Om. யோகா வகுப்பில் கண்ணை மூடிக்கொண்டு உச்சரிக்கிறார்களே, அந்த ஓம். கடைசிக் காட்சியில் நான் "ஓம்" என்றதும் தூரத்தில் ஒரு மணிச் சத்தம் வேறு கேட்டது. சத்தம் சேர்க்கிறவர் தன் பங்குக்குப் போட்டிருக்கிறார்.

அம்மையார் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "என்னை மிகவும் தொட்டது. எவ்வளவு ஆன்மீகமான குடும்பம்! வீட்டுச் சாவியைத் தேடும்போதுகூடப் பிரார்த்தனை."

நான் தலையில் கை வைத்துவிட்டேன். யாழ்ப்பாணத்தார் ஆமா என்பதற்கு ஓம் என்பார்கள், வேறு ஒன்றும் இல்லை, அங்கே கடவுளும் இல்லை கண்றாவியும் இல்லை என்று விளங்கப்படுத்தினேன். அவருடைய முகம் விழுந்துபோனது. "முற்றாக இல்லையா? கொஞ்சம்கூட?" குப்பை போட்டதற்கு யாராவது கடவுளைக் கூப்பிடுவார்களா என்று கேட்டேன். பார்ப்பவர்கள் தங்களுக்கு ஏற்றபடி எடுத்துக்கொள்ள அதை அப்படியே திறந்து விடலாமே என்றார். எனக்கு இரத்தம் கொதித்தது. நான் சொன்னதை நான் சொன்னபடி விடாமல் "திறந்து விடுவது" என்பது இருபது வருடமாகக் கேட்டுச் சலித்த கதை. வீட்டுக்கு வந்து மின்னஞ்சல் எழுதினேன். பெரிய எழுத்தில், அடிக்கோடு போட்டு, ஜெர்மனில் ஆமாவுக்கு உள்ள சொல்லோடு: ஓம் என்றால் யா. எல்லா இடத்திலும் யா. இதில் பேச்சு இல்லை. மணியையும் எடுங்கள்.

என் மனுஷன் தோளுக்கு மேலால் எட்டி வாசித்தார். "இஞ்சேரும், உவ்வளவு பெரிய எழுத்திலை எழுதினால் சத்தம் போடுற மாதிரியெல்லோ இருக்கும்."

"சத்தம்தான் போடுறன்!"

அவர்கள் பணிந்தார்கள். மணி போனது, Om எல்லாம் யா ஆனது. கடைசிப் பிரதி வந்த கிழமை நான் வேறொரு படத்தில் பல் டொக்டரின் உதவியாளராக, ஆமாம், தட்டோடு நின்றுகொண்டிருந்தேன். இடைவேளையில் போனில் வசனக் கோப்பைத் திறந்து Om என்று தேடினேன். ஒன்றுகூட இல்லை. வென்றுவிட்டேன் என்று நினைத்தேன்.

முதல் காட்சி டுசல்டோர்ஃபில், ஞாயிறு மத்தியானம். மண்டபம் நிறைந்திருந்தது. முன்வரிசையில் அன்ரி, மாம்பழ நிறக் கூறைச்சேலையில், தலையில் மல்லிகைப்பூ. எங்கே பிடித்தாரோ தெரியாது. பின்னால் எங்கள் ஆட்கள் கொஞ்சம், மிச்சமெல்லாம் ஜெர்மன்காரர்கள். நான் ஓரத்தில் நின்றேன். படம் நன்றாகத்தான் போனது. சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தார்கள். "திறப்பை எடுத்தியோ?" "யா." எனக்கு உள்ளூரப் பெருமை.

கடைசிக் காட்சி. படிக்கட்டு. அன்ரி துவாயை மடித்தார், விரித்தார். "அப்ப நீ இனி வரமாட்டியோ?" என்று அந்தக் குரல் மண்டபச் சுவர் வரைக்கும் போனது. நான் அப்போதுதான் கீழே வாசித்தேன்.

"நீ திரும்பி வருவாயா?"

"யா."

வரமாட்டியோ என்ற கேள்வியை "வருவாயா" ஆக்கிவிட்டார்கள்! ஏன் என்று அந்த நொடியிலேயே எனக்கு விளங்கியதுதான் கொடுமை. ஜெர்மனில் "வரமாட்டாயா?" என்று கேட்டால், வராதவள் "நைன்" என்பாள், வருகிறவள் "டொக்" என்பாள். பிரெஞ்சில் "நோன்", "சி". நாங்கள் மட்டும்தான் கேட்கிறவர் சொன்னதை ஒப்புக்கொள்கிறோம்: ஓம், நீங்கள் சொல்வது சரி, வரமாட்டேன். மூன்று மொழியில் காலம் தள்ளுகிற எனக்கு இது தெரியாதா? தெரியும். ஆனால் ஓம் என்றால் யா என்று அடிக்கோடு போட்டு எழுதியவள் நான். தட்டச்சு செய்தவர் பாவம், யாவில் கை வைக்கப் பயந்து, அதற்குப் பொருந்துகிற மாதிரி கேள்வியைத் திருத்தியிருக்கிறார். ஒழுங்கான மனுஷன்.

மண்டபம் கை தட்டியது. அதுவும் எப்படி! சிரித்த முகத்தோடு, ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு, எழும்பி நின்று தட்டினார்கள். மருமகள் திரும்பி வரப் போகிறாள், கிழவியின் கண்ணில் ஆனந்தக் கண்ணீர். பின்வரிசையில் எங்கள் ஆட்கள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, இவர்கள் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று விழித்தார்கள். ஒரே மண்டபத்தில் இரண்டு படம் ஓடியிருக்கிறது. நான் எடுத்தது அதில் ஒன்றுதான்.

வெளியே வந்ததும் அம்மையாரைப் பிடித்தேன். நின்ற நிலையில் எல்லாவற்றையும் கொட்டினேன். ஜெர்மனில் தொடங்கிப் பிரெஞ்சில் முடித்தேன் என்று நினைக்கிறேன். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"ஆனால் யா என்று நீங்கள்தானே எழுதினீர்கள்?"

"எழுதினேன்!"

"இப்போது நைன் என்கிறீர்கள்."

"ஆமாம்!"

அவர் என் முழங்கையைத் தொட்டார். தொலைக்காட்சியில் ஒளிபரப்ப முன்னர் திருத்தலாம், சரியான வரியை எழுதி அனுப்புங்கள், போட்டுவிடுகிறோம் என்றார். போகிற போக்கில், "ஆனால் பாருங்கள், எல்லாரும் எவ்வளவு சந்தோஷமாகப் போகிறார்கள்," என்று வாசலைக் காட்டினார். அந்த வார்த்தையை நான் விழுங்கிக்கொண்டேன். திருத்தம் கிடைத்துவிட்டதே.

என் மனுஷனுக்கு அன்றைக்கு வேலை. அன்ரியை ஹம் வரைக்கும் ரயிலில் கொண்டுபோய் விட நானே போனேன். ரயில் வழக்கம்போலத் தாமதம், வழக்கம்போல நிற்க வேண்டாத இடத்தில் நின்றது. வுப்பர்டாலைத் தாண்டும்போது அன்ரி சேலைத் தலைப்பால் போர்த்திக்கொண்டார். மல்லிகைப்பூவைக் கழற்றி மடியில் வைத்திருந்தார்.

"பிள்ளை, ஒண்டு கேக்கட்டோ?"

"கேளுங்கோ அன்ரி."

"நீ என்னை விட்டிட்டுப் போறாய். நான் அழுறன். அதுக்கு ஏன் அந்தச் சனம் சிரிச்சுச் சிரிச்சுக் கை தட்டினது? எனக்குப் பக்கத்திலை இருந்த மனிசி என்ரை கையைப் பிடிச்சு 'ஷோன், ஷோன்' எண்டுது. வடிவாம். என்னை விட்டிட்டுப் போறதிலை என்ன வடிவு?"

எனக்குக் கோபம் வந்தது. அவருக்கு எல்லாவற்றையும் சொன்னேன்: ஓமை யா ஆக்கியதை, வரமாட்டியோவை வருவாயா ஆக்கியதை. அவர் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"அப்ப அவள் திரும்பி வாறாள் எண்டோ அவையளுக்கு விளங்கினது?"

"ஓம் அன்ரி. முழுப் பிழை. நீங்கள் யோசியாதேங்கோ, நான் மாத்துவிப்பன். ரீவியிலை வரேக்கை சரியா வரும்."

அன்ரி யன்னலுக்கு வெளியே பார்த்தார். ஹாகனைத் தாண்டிவிட்டோம். மரங்களுக்கு நடுவில் பழைய ஆலைக் கட்டடங்கள் போய்க்கொண்டிருந்தன.

"மாத்தாதை பிள்ளை."

"என்ன அன்ரி?"

"அப்பிடியே கிடக்கட்டும். ஜேர்மன் பாசையிலையாவது அவள் வரட்டுமேன்."

எனக்கு அழுகை வரவில்லை. ஆத்திரம்தான் வந்தது. யாரோடெல்லாம் மல்லுக்கட்டி இந்த ஒரு சொல்லைக் காப்பாற்றி வந்திருக்கிறேன்! தலையை ஆட்டிக் காட்டியவனோடு, மணி அடித்தவனோடு, இஞ்சித் தேநீரோடு. இப்போது என் பக்கத்தில் கூறைச்சேலை கட்டிக்கொண்டு இருப்பவரோடும் சண்டையா?

"அன்ரி, இது என்ரை படம். அந்தச் சொல்லுக்காகத்தான் நான் இதை எடுத்தனான். போறவள் போறாள், வரமாட்டாள். அதை ஒருக்காவெண்டாலும் சரியாச் சொல்ல வேணும். என்னாலை விட ஏலாது."

"உன்ரை படந்தான். ஆர் இல்லையெண்டது?" அன்ரி மல்லிகைப்பூவைக் கைப்பைக்குள் வைத்து மூடினார். "ஆனால் கேள்வி என்ரையெல்லோ."

ஹம்மில் இறங்கி அவரை வீட்டு வாசலில் விட்டுவிட்டு அடுத்த ரயிலில் திரும்பினேன். திருத்தம் கேட்டுத் தொலைக்காட்சி நிலையத்திலிருந்து ஒரு மின்னஞ்சல் வந்தது, பிறகு இன்னொன்று வந்தது. ஒவ்வொரு தரமும் எழுத உட்கார்ந்தேன். நான்கு எழுத்து, Nein, அதைத் தட்ட எவ்வளவு நேரம் வேண்டும்? என் மனுஷன், "அனுப்பினீரோ?" என்று கேட்பார். "அனுப்புவன்!" என்று பாய்வேன். கடைசியில் அவர்களே இனி நேரம் இல்லை என்று எழுதிவிட்டார்கள். நான் அனுப்பவில்லை. ஏன் அனுப்பவில்லை என்று இன்றைக்கும் என்மேல் எனக்கு ஆத்திரம். அனுப்பியிருந்தாலும் ஆத்திரமாகத்தான் இருந்திருக்கும்.

படம் ஒளிபரப்பானது. நான் பார்க்கவில்லை. மேல்வீட்டுக்காரி அடுத்தநாள் காலை படியில் என்னைக் கட்டிப்பிடித்து, அந்தக் கிழவி இனிச் சந்தோஷமாக இருப்பார் என்றாள். நன்றி என்று சொல்லிப் பல்லைக் கடித்துக்கொண்டு மேலே வந்தேன். பத்து மணிபோல போன் அடித்தது. அன்ரி.

"பாத்தனான் பிள்ளை. எனக்குப் பெரிசா வாசிக்கத் தெரியாது, ஆனால் அந்த ஒரு சொல்லு தெரியும்தானே. யா எண்டுதான் போட்டிருந்தது."

"ஓம் அன்ரி. நான் மாத்தேல்லை."

"மருமகளுக்கு ஆரோ சொல்லியிருக்கினம் போலை. அவளும் பாத்தவளாம். போன் ஒண்டும் எடுக்கேல்லை." நான் ஏதாவது சொல்ல வாயெடுக்க முன்னர், கல்யாண மண்டபத்தில் மைக்கை நிறுத்தச் சொன்ன அந்தக் குரல், இந்த முறை மிகவும் பணிவாக வந்தது.

"அப்ப அவள் வாறதையும் ஒருக்கா எடுவன் பிள்ளை. எனக்கு நடிக்க ஏலும்."